சந்தனத்துக்கு அடியில்

சதாசிவம் அந்த வார்த்தையைச் சொன்னது ஒரு ஞாயிற்றுக்கிழமை மத்தியானம், அக்கா வீட்டுச் சாப்பாட்டு மேசையில், விரலில் மீன் சம்பால் காய்ந்துகொண்டிருந்தபோது. சிரித்துக்கொண்டேதான் சொன்னான். பிறகு நினைத்துப் பார்த்தபோதெல்லாம் அந்தச் சிரிப்புதான் அவனை முதலில் சுட்டது. வார்த்தை அதற்கு அப்புறம்தான்.

அக்கா கலாதேவியின் வீடு சுங்கை சிப்புட்டுக்கு வெளியே, ரப்பர் தோட்டமாக இருந்து, எண்ணெய் எடுக்கும் செம்பனையாகிப்போன நிலத்தின் ஓரத்தில், ஒரே அச்சில் வார்த்த இருபது வீட்டுத் தாமானில் ஏழாவது. அக்கா புருஷன் ராமையா செம்பனைக் குலை ஏற்றும் லோரி ஓட்டுகிறவர். ஐம்பத்தெட்டு வயது. பத்து வார்த்தை பேச வேண்டிய இடத்தில் இரண்டு பேசி, மீதியைத் தே, அதாவது தேநீர், குடித்துத் தீர்க்கிற மனிதர். மகன் தனேஸ்வரனுக்கு ஜொகூரில் வேலை. மருமகள் ஷர்மினி டவுனில் பாலர் பள்ளி ஆசிரியையாக இருந்ததால், மாமனார் மாமியாரோடு இங்கேயே இருந்தாள்.

தனேஸ்வரன் காலேஜில் படித்தபோது வாங்கிய மடிக்கணினி ஒன்று அந்த வீட்டில் இருந்தது. பதின்மூன்று வயது தாண்டிய கிழடு. மூடியைத் திறந்தால் கீல் முனகும். ராமையாவிடம் இருந்தது பொத்தான் வைத்த சின்ன போன்தான். ஆகவே கணினி அவருக்கு வந்தது. எழுத்துத் தட்ட விரல் வணங்காது என்று, மைக் படத்தை அமுக்கிப் பேசினால் அதுவே தமிழில் எழுதித் தேடிக்கொள்ளும் என்று சொல்லிக்கொடுத்தவன் சதாசிவம். கணக்கு ஒன்று திறந்து, லோரி நம்பரையே கடவுச்சொல்லாக வைத்துக்கொடுத்தவனும் அவன்தான்.

டவுனில் பஸ் நிலையத்துக்குப் பின்னால் அவனுக்குப் பழுதுபார்க்கும் கடை. "புதுச எவன் வேணாலும் விப்பான்லா. பழச ஓட வக்கிறான் பாரு, அவன்தான் மெக்கானிக்" என்று வருகிறவர்களிடமெல்லாம் சொல்வான். பாதி உண்மை. மீதி வாய்.

ஆயுத பூசைக்கு நான்கு நாள் முன்னால், சார்ஜ் ஏறவில்லை என்று ராமையா கணினியைக் கடையில் விட்டுப்போனார். சதாசிவம் சரிசெய்து, பூசைக்கு மறுநாள் கொடுத்துவிட்டான். வீட்டுக்குப் போனால் ஒய்ஃபை வரவில்லை.

"டிரைவர் போயிருக்கும் மச்சான். ஞாயித்துக்கெழம வாரேன்" என்றான் போனில். கணினிக்கும் உள்ளே இருக்கும் ஒய்ஃபை அட்டைக்கும் நடுவில் நின்று பேச்சுவார்த்தை நடத்துகிற சின்ன மென்பொருளுக்குத்தான் டிரைவர் என்று பெயர்.

"நான் ஒரு டிரைவரு. உள்ள இன்னொரு டிரைவரா?" என்று ராமையா சிரித்தார். அதற்கப்புறம் வெகுநாள் அவர் சிரிக்கவில்லை.

ஞாயிற்றுக்கிழமை காலை ஒன்பது மணிக்கு உட்கார்ந்தான். பழைய டிரைவரை எடுத்துவிட்டுப் புதிதாகப் போட்டான். மஞ்சள் முக்கோணம் வந்தது. அட்டையின் எண்ணைக் கண்டுபிடித்து, போனில் இறக்கி, பென்டிரைவில் ஏற்றி, அதற்கேற்றதைப் போட்டான். முக்கோணம் போனது, ஒய்ஃபை வரவில்லை. அதற்கு முந்தையதைப் போட்டான். அணைத்தான், ஏற்றினான். சமையலறையிலிருந்து மீன் பொரியும் வாசனை வந்தது. ஷர்மினி இரண்டு தரம் தே கலந்து கொண்டுவந்து வைத்தாள்.

"மொத்தமா அழிச்சிட்டுப் புதுசா ஏத்தணும் மச்சான். உள்ள இருக்குற எல்லாம் போயிரும். அழிக்கவா?"

"அழிச்சிரு" என்றார் ராமையா, கேள்வி முடிவதற்குள்.

அந்த அவசரத்தை சதாசிவம் மனசில் குறித்துக்கொண்டான். ஏனென்றால் போன வாரம்தான் அக்கா போனில் கிசுகிசுத்திருந்தாள்: "மத்தியானம் லோரிய போட்டுட்டு வந்தா ரூமுக் கதவ சாத்திக்கிறாரு தம்பி. என்னமோ குசுகுசுன்னு பேசுறாரு. உள்ள ஒரு பொம்பள கொரலு வேற கேக்குது. கைலியகூட என்ட்ட போடுறதில்ல, அவரே தொவச்சுக் காயப்போடுறாரு. நாலு மாசமா ஹால்ல பாய் விரிச்சுத்தான் படுக்குறாரு."

எல்லாம் அழித்து எல்லாம் ஏற்றி முடித்தபோது மணி ஒன்றரை. 'சாதனம் சரியாக இயங்குகிறது' என்றது திரை. பக்கத்து வீட்டு ஒய்ஃபைகூடத் தெரியவில்லை.

"அட்ட செத்துப்போச்சு. வேற ஆர்டர் போடணும்" என்று சொல்லிவிட்டு மேசைக்கு வந்தான்.

"ஏந்தம்பி, ஒன் கடைக்கு வர்ற வரைக்கும் நல்லாத்தானே இருந்துச்சு? திடீர்னு எப்படி ரோசாக் ஆவும், கெட்டுப்போவும்?" என்று அக்கா கேட்டாள்.

நியாயமான கேள்வி. பதில் தெரியாதவனுக்கு நியாயமான கேள்வியைப்போல எரிச்சல் மூட்டுவது வேறில்லை. ஆடத் தெரியாதவள் கூடம் கோணல் என்றாளாம். சதாசிவத்துக்கு எதிரே கூடமாக உட்கார்ந்திருந்தவர் ராமையா.

"மிஷின்மேல தப்பில்லக்கா. கதவ சாத்திக்கிட்டு கண்ட கண்ட படத்தப் பாத்தா வைரஸ் வராம மகாலச்சுமியா வரும்? மச்சானுக்கு இந்த வயசுலயும் ஆச அடங்கல போல."

சொல்லிவிட்டுச் சிரித்தான்.

ரசம் ஊற்ற வந்த ஷர்மினி கரண்டியைச் சட்டிக்குள் வைத்துவிட்டு உள்ளே போனாள். கலாதேவி புருஷன் முகத்தைப் பார்த்தாள். ராமையா சோற்றில் வைத்த கையை எடுக்கவில்லை. காது மடல் சிவந்து, அந்தச் சிவப்பு கழுத்துவரை இறங்கியது. 'இல்லை' என்று ஒரு சொல் சொல்வார் என்று மூன்று பேரும் காத்திருந்தார்கள். அவர் சொல்லவில்லை. எழுந்துபோய்க் கை கழுவினார்.

செவ்வாய்க்கிழமை ஷர்மினி, அம்மாவுக்கு உடம்பு முடியவில்லை என்று பக்கத்து டவுனிலிருந்த அம்மா வீட்டுக்குப் பெட்டி கட்டினாள். தினமும் பஸ்ஸில் வந்து பள்ளிக்கூடத்தைப் பார்த்துவிட்டு, அங்கேயே திரும்பிப் போனாளே தவிர இந்தப் பக்கம் எட்டிப் பார்க்கவில்லை. ராமையாவின் பாய் ஹாலிலிருந்து முன்வாசல் கார் நிறுத்துமிடத்துக்குப் போனது. சாப்பாடு ரோட்டோரத்து நூஹு பாய் கடையில். அக்கா அழவில்லை. கோயிலுக்குப் போவதை மட்டும் நிறுத்திவிட்டாள். நெல்லைக் கொட்டினால் அள்ளலாம் என்பார்கள். சதாசிவம் கொட்டியது நெல் இல்லை.

அப்போதும் அவன், 'நான் என்ன இல்லாததையா சொன்னேன்' என்றுதான் இருந்தான்.

அன்றே கடைக்கு எடுத்துவந்திருந்த கணினிக்கு, மூன்று வாரம் கழித்துப் புது அட்டை வந்தது. மழைக்காலம், மத்தியானம் இரண்டு மணிக்கே கடையில் விளக்குப் போட வேண்டியிருந்தது. கணினியைக் கவிழ்த்து ஆணிகளைக் கழற்றப் போனவன், முன்விளிம்பில் காய்ந்து கெட்டியாகியிருந்த சந்தனத்தைப் பார்த்தான். ஆயுத பூசைக்குக் கடையிலிருக்கும் எல்லாச் சாமானுக்கும் அவன் சந்தனம் வைப்பான், கஸ்டமர் மிஷின் உட்பட. ஒப்புக்கு ஒரு புள்ளி வைக்கிற ஆள் இல்லை. மஞ்சள் கலந்து குழைத்து, கட்டைவிரலால் அழுத்தி இழுத்துவிடுவான். இந்தக் கணினியின் மூடியில் தனேஸ்வரன் ஒட்டிய பந்துக்குழுப் படம் இருந்ததால், சந்தனத்தை முன்விளிம்பில் அப்பியிருந்தான்.

அழுக்கோடு திறக்க வேண்டாமே என்று பழைய பல்துலக்கியால் தேய்த்தான். சந்தனம் பொருக்குப் பொருக்காக உதிர்ந்தது. அடியில் அரிசி நீளத்துக்கு ஒரு சுவிட்ச். பக்கத்தில் ஒரு சின்ன விளக்கு; கணினியை நிமிர்த்தி ஓடவிட்டதும் அது செம்மஞ்சளாக மினுக்கியது.

பழைய கணினிகளில் ஒய்ஃபையைக் கையால் அணைக்க இப்படி ஒரு சுவிட்ச் உண்டு. அது சதாசிவத்துக்குத் தெரியாதா? வருகிறவர்களிடம் அதைத்தான் முதலில் கேட்பான்: "சுவிட்சப் பாத்தீங்களா?" நகத்தால் தள்ளினான். விளக்கு நீலமானது. திரையில் வரிசையாக வந்து நின்றன: முடிதிருத்தும் கடை ஒய்ஃபை, மருந்துக்கடை ஒய்ஃபை, அவனுடைய கடை ஒய்ஃபை.

கட்டைவிரலால் அழுத்தி இழுத்தானே, அப்போது அணைந்தது. டிரைவர் நன்றாக இருந்தது. அட்டை நன்றாக இருந்தது. வைரஸ் என்று ஒன்று இருக்கவே இல்லை.

கடையில் யாரும் இல்லை, ஆனாலும் திரும்பிப் பார்த்துக்கொண்டான். 'மச்சானிடம் சொல்லிவிடலாம், வேறு யாருக்கும் தெரிய வேண்டாம்' என்று மனசு உடனே ஒரு சந்து தேடியது. வேகம் பார்ப்பதற்காகப் பழைய கணக்கில் நுழைந்து, வீடியோ தளத்தைத் திறந்து, தேடும் பெட்டியைத் தொட்டான். முன்பு தேடியவை எல்லாம் தானாக இறங்கி வந்தன. கணினியை அழித்தாலும் கணக்கில் இருப்பது அழியாது.

'மூத்திரத்தில் ரத்தம் வந்தால் என்ன.' 'ஆம்பளைக்கு ஒண்ணுக்கு அடக்க முடியவில்லை.' 'மூத்திரத்தில் ரத்தம் கேன்சரா.' 'மூத்திரக் கேன்சர் பொண்டாட்டிக்கு ஒட்டுமா.' 'சுங்கை சிப்புட் கிளினிக் ஆம்பள டாக்டர்.' 'ஈப்போ பெரிய ஆஸ்பத்திரி எத்தன மணிக்கு திறக்கும்.'

பார்த்த வீடியோக்களில் வெள்ளைக் கோட்டுப் போட்ட ஒரு பெண் டாக்டர் படம் வரைந்து விளக்கிக்கொண்டிருந்தார். அக்கா கேட்ட பெண் குரல் அதுதான். கதவைச் சாத்தியதற்கும் காரணம் புரிந்தது. மைக்கில் பேசித்தானே தேட முடியும்? இந்தக் கேள்விகளையெல்லாம் அந்த மனிதர் வாய்விட்டுச் சொல்ல வேண்டியிருந்தது.

சதாசிவம் கணினியை மூடினான். செத்துப்போகலாம்போல இருந்தது. மழை விடட்டும் என்றுகூட நிற்காமல், அதைப் பிளாஸ்டிக்கில் சுற்றி எடுத்துக்கொண்டு மோட்டார் சைக்கிளைக் கிளப்பினான்.

நூஹு பாய் கடை ஈப்போ சாலையில், லோரிகள் ஒதுங்குகிற இடத்தில். உள்ளே கழிவறைக்குப் பக்கத்து மேசையில் ராமையா உட்கார்ந்திருந்தார். எதிரே கறுப்புக் கோப்பி, அரைக் கிளாஸ். பெரிய மக்கில் நுரை பொங்கும் தே தாரிக் இரண்டு தடவை வாங்கிக் குடிக்கிற மனிதர். தண்ணீர் உள்ளே போனால் வெளியே வர வேண்டுமே என்று பயந்து குடிக்கிறார் என்பது சதாசிவத்துக்கு இப்போது தெரிந்தது.

"மச்சான்."

"ம்."

"ஒய்ஃபை வந்துருச்சு."

ராமையா நிமிர்ந்தார்.

"முன்னால ஒரு சுவிட்சு இருக்கு மச்சான். ஆயுத பூசைக்கு நாந்தான் சந்தனத்த அப்புனேன். என் வெரலு பட்டுத்தான் ஆஃப் ஆயிருக்கு. அது தெரியாம எல்லாத்தயும் அழிச்சு... ஒங்களயும்..." முகத்து மழைத் தண்ணீரைத் துடைத்துக்கொண்டான். "வைரசும் இல்ல, ஒண்ணும் இல்ல. அக்காட்டயும் ஷர்மினிட்டயும் சொல்லிர்றேன்."

"என்னான்னு சொல்லுவ?"

"நான் சொன்னது பொய்யின்னு."

ராமையா கோப்பிக் கிளாஸைத் தள்ளி வைத்தார். "பாத்தியா?"

இல்லை என்று சொல்லியிருக்கலாம். ஆமென்று தலையை ஆட்டினான்.

வெளியே மழை லோரித் தார்ப்பாயில் சடசடத்தது. நூஹு பாய் ரொட்டி சானாய் வேண்டுமா என்று அங்கிருந்தே கேட்டார். ராமையா கையால் வேண்டாம் என்றார்.

"எத்தன மாசமா மச்சான்?"

"சீனப் பெருநாளுக்கு முன்னாலருந்து. மொதல்ல எரிச்சலு. அப்பறம் லோரிய நிறுத்தி நிறுத்தி எறங்க வேண்டியதாப் போச்சு. நாலஞ்சு மாசமா செவப்பா வருது."

"டாக்டர்ட்ட போகலையா?"

"போனேன்லா. கிளினிக்ல நம்பர் எடுத்து உக்காந்தேன். நம்ம தாமான் பொண்ணு, சின்னதுல என் லோரில ஏறி ஹாரன் அடிச்சு வெளையாண்ட பொண்ணு, அது நர்ஸா வந்து நிக்கிது. 'என்னா மாமா செய்யிது'ன்னு கேக்குது. தலவலின்னு சொல்லி மாத்திர வாங்கிட்டு வந்துட்டேன்." மேசை விளிம்பைத் துடைப்பதுபோல விரலால் தேய்த்தார். "எனக்கு மாலுவா, வெக்கமா இருக்குலா சிவம். எப்படிச் சொல்றது இத?"

"நான் அன்னைக்கிச் சொன்னப்ப இல்லைன்னு ஒரு வார்த்த சொல்லியிருக்கலாமே மச்சான்."

"சொன்னா, அப்ப என்னாத்தப் பாத்தேன்னு கேப்பா. நீ குடுத்தது கேவலமான பேருதான். ஆனா அது ஆம்பளைக்கு வர்ற பேரு. தொட்டில் புள்ள மாரி கைலிய நனைக்கிறவன்னு பேரு எடுக்குறதுக்கு அது தேவலன்னு விட்டுட்டேன்."

சதாசிவம் தலையைக் குனிந்துகொண்டான்.

"மருமவ போவான்னு நெனைக்கல. அதுதான்..." ராமையா நிறுத்தினார். "இப்ப நீ போய்ச் சொன்னா ஒன் பாரம் எறங்கிரும் சிவம். என் பாரத்த நான் எங்க எறக்குறது?"

செய்த தப்பைச் சொன்னால் அவர் மானம் போகும். சொல்லாவிட்டால் அவர் பெயர் போகும். இரண்டுக்கும் நடுவில் அவரைக் கொண்டுவந்து நிறுத்தியது யார் என்று யோசிக்க வேண்டியதில்லை.

"சந்தனத்த மட்டும் சொல்றேன் மச்சான். மத்தது ஒங்க வாயால வந்தா வரட்டும், இல்லாட்டி என்னோட போவட்டும். ஆனா நாளைக்கிக் காலைல ஈப்போவுக்குப் போறோம். ஆறு மணிக்கெல்லாம் கார எடுத்துட்டு வாரேன். அங்க நம்மளத் தெரிஞ்சவங்க யாரும் இல்ல."

ராமையா கோப்பிக்குக் காசை எண்ணி மேசையில் வைத்தார். பிறகு, "நீ முன்னால போ. நான் பின்னால வாரேன்" என்றார்.

ஏன் என்று புரிந்தது: எழுந்து நின்றால் ஈரம் தெரியும். திரும்பிப் பார்க்காமல் நடந்தான்.

கலாதேவி வாசலில் மழைச்சாரலைத் துணியால் ஒற்றிக்கொண்டிருந்தாள். தம்பியைப் பார்த்ததும், "சாப்ட்டியா?" என்றாள். அந்த மூன்று வாரமும் அவள் அவனிடம் ஒரு வார்த்தை கடிந்து பேசியதில்லை. அதுவேறு இப்போது குத்தியது.

அவன் கணினியைச் சாப்பாட்டு மேசையில் வைத்தான், அன்றைக்கு இருந்த அதே இடத்தில். எத்தனை பேர் முன்னால் சொன்னானோ அத்தனை பேர் முன்னாலும் எடுத்துச் சொல்ல வேண்டும் என்பது அவன் வழியெல்லாம் தனக்குப் போட்டுக்கொண்ட கட்டளை. போனில் ஷர்மினியைக் கூப்பிட்டு, ஸ்பீக்கரைப் போட்டு, தண்ணீர்க் கூஜாவில் சாய்த்து நிறுத்தினான்.

"சொல்லுங்க சிவம் மாமா" என்றாள் அவள், தயக்கமாக.

சொன்னான். சுவிட்சைக் காட்டினான், சந்தனத்தைக் காட்டினான், அணைத்துப் போட்டுக் காட்டினான். "வைரஸ் இல்லக்கா. ஷர்மினி, கேக்குதாம்மா? மச்சான் ஒரு தப்பும் பண்ணல. எனக்கு வேல தெரியல, பழிய அவர்மேல போட்டுட்டேன். சோத்துல கைய வச்சிருந்த மனுசன அப்படிச் சொன்ன நாக்க அறுக்கணும்."

போனிலிருந்து சத்தம் வரவில்லை. கலாதேவி சுவிட்சைப் பார்த்தாள், நீல விளக்கைப் பார்த்தாள். அவள் மனசு இறங்கியது முகத்தில் தெரிந்தது. அப்புறம், சதாசிவம் பயந்த கேள்வி வந்தது.

"அப்ப கதவ சாத்திக்கிட்டு என்னாத்தத்தான் பாத்தாரு? அந்தப் பொம்பள கொரலு யாருது?"

"அது... அக்கா, அது வந்து..."

வாசலில் ராமையா நின்றுகொண்டிருந்தார். சட்டையும் கால்சட்டையும் முழுக்க நனைந்திருந்தன. மழையில் வேண்டுமென்றே நின்றுவிட்டு வந்திருக்கிறார். நனைந்தவனிடம் எது மழை என்று யார் கேட்கப் போகிறார்கள்?

"சிவம்" என்றார். "ஒய்ஃபை இருக்குல்ல இப்ப. போட்டுக் காட்டு அவளுக்கு."

சொல்லிவிட்டு நிற்காமல் வெளியே போய், லோரிப் பக்கம் திரும்பி நின்றுகொண்டார்.

சதாசிவம் பெட்டியைத் தொட்டான். வரிசை இறங்கியது. திரையை அக்கா பக்கம் திருப்பினான். கலாதேவிக்கு எதையும் வாய்விட்டுப் படித்தால்தான் படித்ததாகும். பேப்பரையும் அப்படித்தான் படிப்பாள். எழுத்தெழுத்தாகச் சத்தமாகப் படித்தாள். முதல் வரியில் புருவம் சுருங்கியது. இரண்டாவதில் குரல் இறங்கியது. நான்காவதை, "மூத்திரக் கேன்சர் பொண்டாட்டிக்கு..." என்று தொடங்கி, "ஒட்டுமா" என்று முடித்தபோது குரலே இல்லை.

"அதுக்குத்தான் ஹால்ல படுத்தாரா" என்றாள், யாரிடமும் இல்லாமல். "நாளைக்கி ஈப்போ ஆஸ்பத்திரிக்குக் கூட்டிட்டுப் போறேன்க்கா" என்றான் சதாசிவம்.

எழுந்து வெளியே போனாள். கார் நிறுத்துமிடத்தில் விரித்திருந்த பாயைச் சுருட்டி, தலையணையை அதன்மேல் வைத்து, இரண்டையும் இடுப்பில் இடுக்கிக்கொண்டாள்.

"இந்தாங்க, உள்ள வாங்க. சாரல் அடிக்குது."

அவர் திரும்பவில்லை.

"ஒட்டாது. ஒட்டுனாலும் பரவால்ல. வாங்க."

பாயைப் படுக்கையறையில் போட்டுவிட்டு, சமையலறைக்குப் போகிற வழியில் தம்பியைத் தாண்டினாள். "நாளைக்கி எத்தன மணிக்கு?"

"ஆறுக்கா."

"நானும் வாரேன்." ஒரு அடி போய் நின்றாள். "சந்தனத்த அன்னைக்கே கொஞ்சம் தொடச்சுப் பாத்திருக்கலாம் தம்பி."

அவ்வளவுதான். திட்டியிருந்தால் தாங்கியிருப்பான்.

கணினியை மூடிவிட்டுக் கிளம்பலாம் என்று கையை நீட்டியபோதுதான் பார்த்தான். கூஜாவில் சாய்ந்திருந்த போனின் விளக்கு எரிந்துகொண்டிருந்தது. ஸ்பீக்கர் போட்டபடியே இருந்தது. பதினோரு நிமிஷம் ஓடியிருந்தது.

அக்கா படித்த ஒவ்வொரு வரியும், மருமகள் காதில்.

மறுபடியும் அவன்தான், மறுபடியும் ஒரு சுவிட்சு. போனைக் கையில் எடுத்தான். என்ன சொல்வது என்று தெரியாமல், "ஷர்மினி" என்றான் மெதுவாக.

மூக்கை உறிஞ்சுகிற சத்தம் கேட்டது. அழுதிருக்கிறாள்.

"மாமா" என்றாள். "நான் ஒண்ணும் கேக்கல. சரியா? யாருகிட்டயும் நான் கேட்டேன்னு சொல்லாதீங்க. என் மாமனார்கிட்ட, நாளைக்கி வீட்டுக்கு வாரேன்னு மட்டும் சொல்லிருங்க."

"சரிம்மா."

"போன கட் பண்ணுங்க மாமா."

பண்ணினான். அணைந்துவிட்டதா என்று இரண்டு தடவை பார்த்தான்.